எத்தனை பேரில் என்று முதலில் கேளுங்கள்

சுங்கை சிப்புட்டிலிருந்து எழுதுகிறேன். தோட்ட மருந்தகத்தில் டிரெசராக, அதாவது மருத்துவ உதவியாளராக, இருந்து ஓய்வு பெற்றவன். ஊசி போடுவது, காய்ச்சல் மருந்து கொடுப்பது போக, பிறப்பு இறப்புப் புத்தகத்தை எழுதிவைப்பதும் அந்தக் காலத்தில் என் பொறுப்பு. அந்தப் பழக்கம் விடவில்லை. இப்போதும் பல நாடுகளின் மக்கள்தொகைக் கணக்கைத் தேடிப் படிக்கிறேன். சென்ற இதழில் நம் நாட்டுப் பிறப்பு விகிதம் குறைந்துவருவதைப் பற்றிச் சிறு குறிப்பு எழுதியிருந்தேன். அதையொட்டி வந்த கேள்விகள் இவை. பெயர் போட வேண்டாம் என்று பலர் கேட்டுக்கொண்டதால் ஊர் மட்டும்.

ஐயா, ஜப்பானில் ஆண்டுக்கு ஆயிரம் பேருக்குப் 12, 13 பேர் இறக்கிறார்கள். மலேசியாவில் 6 பேர் அளவில்தான். அப்படியென்றால் ஜப்பான்காரர்களைவிட நாம் ஆரோக்கியமாக இருக்கிறோமா?
படிவம் ஆறு மாணவி, சுங்கை சிப்புட்

மகளே, இரண்டு எண்ணும் சரி. அந்த ஆயிரம் பேர் யார் என்பதைத்தான் நீ இன்னும் பார்க்கவில்லை. ஜப்பானில் ஆயிரம் பேரை வரிசையாக நிறுத்தினால் ஏறக்குறைய 290 பேர் 65 வயதைத் தாண்டியவர்களாக இருப்பார்கள். இங்கே 70 சொச்சம் பேர். வயசாளிகள் நான்கு மடங்கு இருக்கிற நாட்டில் சாவும் கூடத்தான் இருக்கும். அங்கே பிறக்கும் குழந்தைக்கு எதிர்பார்க்கப்படும் ஆயுள் 84 வயது. நமக்கு 75 அளவில்.

இதை நான் தோட்டத்திலேயே கண்ணால் பார்த்திருக்கிறேன். ரப்பர் மரங்களைச் சாய்த்துச் செம்பனை போட்ட பிறகு, பிள்ளைகள் ஈப்போ, கிள்ளான், ஜொகூர் பாரு, சிங்கப்பூர் என்று பிழைப்புத் தேடிப் போய்விட்டார்கள். லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில், தங்கியது தாத்தா பாட்டிகள். பிள்ளை இல்லாமல் ஆயாக் கொட்டகையை மூடினோம். மலேரியா போய்விட்டது, தண்ணீர்க் குழாய் வந்துவிட்டது, அவசரம் என்றால் ஈப்போ பெரிய மருத்துவமனைக்கு வண்டி உண்டு. அப்படியிருந்தும் ஆயிரம் பேருக்கு எத்தனை என்று கணக்குப் போட்டால் சாவு முன்பைவிட ஏறியிருந்தது. புத்தகத்தைப் புரட்டிய நிர்வாகி, மருந்தகத்தில் என்ன கோளாறு என்று கேட்டார். இறந்தவர்களின் வயதைத் தனியாக ஒரு தாளில் வரிசைப்படுத்திக் காட்டினேன். ஐந்து வயதுக்குள் ஒரு குழந்தைகூட இல்லை. எல்லாருமே முதியவர்கள். பழைய பக்கங்களில் அந்த வரிசை ஒரு மாதம், மூன்று மாதம், ஒன்றரை வயது என்றுதான் தொடங்கும். அவர் அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை.

ஆகவே இரண்டு நாடுகளை ஒப்பிடும்போது ஒவ்வொரு வயதுக்கும் தனித்தனியாக இறப்பு விகிதம் எடு. பிறகு இரண்டுக்கும் ஒரே வயது அமைப்பை வைத்துக் கூட்டிப் பார். அதை வயதுவழித் தரப்படுத்தல் என்பார்கள். செய்து பார்த்தால் ஜப்பான் நம்மைவிட வெகுவாகக் கீழே இறங்கிவிடும்.

இன்னொன்றும் கவனி. கத்தாரிலும் ஐக்கிய அரபு சிற்றரசுகளிலும் ஆயிரத்துக்கு 2 பேர்கூடச் சாவதில்லை. காரணம், அங்கே இருப்பவர்களில் பெரும்பாலோர் வேலைக்கு வந்த இளவயது ஆண்கள். உடம்பு முடியாமல் போனால் ஊர் திரும்பிவிடுவார்கள். சாவு கேரளத்திலோ நேப்பாளத்திலோ பதிவாகும். பழைய மலாயாவிலும் இதே கதை. உழைக்க முடியாதவர்களை இந்தியக் குடியேற்ற நிதிச் செலவில் கப்பலேற்றி நாகப்பட்டினத்துக்கும் சென்னைக்கும் அனுப்பினார்கள். அங்கே போய் அவர்கள் கண்ணை மூடியது இங்குள்ள எந்தத் தோட்டக் கணக்கிலும் ஏறவில்லை. வெள்ளைக்காரன் காலத்துத் தோட்ட இறப்பு விகிதத்தைப் படிக்கும்போது இதை மனத்தில் வைத்துக்கொள்.

நம்மவர்களின் கருவள விகிதம் (ஒரு பெண்ணுக்குச் சராசரிப் பிள்ளைகள்) ஒன்றுக்குப் பக்கத்தில் வந்துவிட்டதாம். 2.1 இருந்தால்தான் தலைமுறை ஈடாகும் என்கிறார்களே, அது ஏன்? 11 விழுக்காடாக இருந்தவர்கள் 7 விழுக்காடுகூட இல்லை. இன்னும் ஐம்பது ஆண்டில் இந்த நாட்டில் தமிழன் இருப்பானா? மகளுக்கு 29 வயது. கல்யாணப் பேச்சை எடுத்தால் எழுந்து போய்விடுகிறாள்.
ஒரு தந்தை, குளுவாங்

ஐயா, உங்கள் கவலை எனக்கும் உண்டு. முதலில் 11 விழுக்காடு என்பதைப் பிரித்துப் பார்ப்போம். அது 1957 மலாயாக் கணக்கு. அப்போது சபாவும் சரவாக்கும் நம்மோடு இல்லை. அங்கே இந்தியர்கள் மிகச் சிலர். அந்த இரண்டையும் சேர்த்துக்கொண்ட நாளிலேயே நம் பங்கு இறங்கிவிட்டது. ஒரு தமிழர்கூடக் குறையவில்லை. 2020 கணக்கெடுப்பின் 6.7 விழுக்காடோ குடிமக்களை மட்டும் வைத்துச் சொன்னது. அந்த ஆண்டு நாட்டில் 3 கோடியே 24 லட்சம் பேர்; அவர்களில் 2 கோடியே 98 லட்சம் பேர்தான் குடிமக்கள். வெளிநாட்டுத் தொழிலாளர்களையும் சேர்த்து வகுத்தால் 6.2 விழுக்காடு அளவுக்கு வரும். தலைக்கணக்காகப் பார்த்தால் 1957-இல் 7 லட்சம் அளவில் இருந்தோம், இன்று 20 லட்சம் அளவில் இருக்கிறோம்.

பங்கு குறைந்ததற்கு உண்மையான காரணங்களும் உண்டு. 1969-க்குப் பிறகு வேலை அனுமதிச் சட்டத்தால் குடியுரிமை இல்லாத ஆயிரக்கணக்கானோர் இந்தியாவுக்குத் திரும்பினார்கள். மற்ற இனத்தாருக்கு முன்பே நம் வீடுகளில் பிள்ளை குறைந்தது. தோட்டத்தை விட்டுப் பட்டணத்துக்குப் போனவர்களுக்கு வாடகை வீட்டில் மூன்றாவது பிள்ளை கட்டுப்படியாகவில்லை.

இனி அந்தக் கருவள விகிதம். 1970-இல் மலேசியப் பெண்ணுக்குச் சராசரி 4.9 பிள்ளைகள், 2022-இல் 1.6. இந்தியர்களுக்கு ஒன்றுக்குச் சற்று மேல், சீனர்களுக்கு ஒன்றுக்கும் கீழே. நாட்டின் மக்கள்தொகை 7 கோடியாக வேண்டும் என்று 1980-களில் அரசாங்கமே சொல்லிப் பார்த்தது. விகிதம் இறங்கிக்கொண்டேதான் வந்தது. தென் கொரியா 2023-இல் 0.72 வரை போனது. அங்கேயும் அரசு கொட்டிய பணம் கொஞ்சமல்ல. இந்தியாவில் தேசியக் குடும்பநல ஆய்வு 2019-21-இல் எடுத்த கணக்குப்படி நாடு முழுவதற்கும் 2.0, தமிழ்நாட்டுக்கு 1.8. வீட்டுக்கு வீடு பெண்கள் படித்து, வேலைக்குப் போய், கருத்தடை கைக்கு எட்டிய இடமெல்லாம் இதுதான் நடந்திருக்கிறது.

ஆனால் அந்த எண் எந்த ஒரு பெண்ணின் வாழ்க்கையும் அல்ல. ஒரே ஆண்டில் 20 வயதுக்காரி, 25 வயதுக்காரி, 35 வயதுக்காரி என்று ஒவ்வொரு வயதிலும் எத்தனை பேர் பெற்றார்கள் என்று கணக்கெடுத்து, எல்லாவற்றையும் ஒரு கற்பனைப் பெண்ணின் தலையில் கூட்டுகிறார்கள். பெண்கள் கல்யாணத்தைத் தள்ளிப்போடும் காலத்தில் அந்தக் கூட்டுத்தொகை உண்மையைவிடக் கீழே விழும். ஜப்பானில் 1966 நெருப்புக் குதிரை ஆண்டு. அந்த ஆண்டில் பிறந்த பெண் குடும்பத்துக்கு ஆகாது என்ற நம்பிக்கையால் விகிதம் 1.58-க்குச் சரிந்தது, அடுத்த ஆண்டே இரண்டைத் தாண்டி ஏறிவிட்டது. பெற்றுக்கொள்ளாமல் விட்டவர்கள் பலரும் பிறகு பெற்றுக்கொண்டார்கள். நம் பெண்கள் எல்லாரும் அப்படிப் பிறகு பெற்றுக்கொள்வார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. ஒரு பகுதி தள்ளிப்போவது, ஒரு பகுதி இல்லாமலே போவது. 45 வயதைக் கடந்த பெண்களிடம் மொத்தம் எத்தனை பிள்ளைகள் என்று கேட்டு எடுக்கும் கணக்குத்தான் இதற்கு உறுதியான விடை.

2.1 இருந்தால்தான் தலைமுறை ஈடாகும் என்று சொல்வதற்குக் காரணம் கேட்டிருந்தீர்கள். 100 பெண் குழந்தைகளுக்கு 105 ஆண் குழந்தைகள் அளவில் பிறக்கின்றன. பிறந்த பெண்களிலும் சிலர் தாயாகும் வயதுக்கு முன்பே போய்விடுகிறார்கள். அதை ஈடுகட்டத்தான் அந்தக் கூடுதல் புள்ளி ஒன்று.

மகளைப் பற்றி ஒரு வார்த்தை. இனத்தின் எண்ணிக்கையை அந்தப் பிள்ளையின் தோளில் ஏற்றாதீர்கள். என்ன படிக்க ஆசை, எங்கே வேலை செய்ய ஆசை, யாரையாவது மனத்தில் வைத்திருக்கிறாளா என்று உட்காரவைத்துக் கேளுங்கள். அவள் அம்மா கேட்டால் இன்னும் நல்லது.

சீனர்கள் டிராகன் ஆண்டில் பிள்ளை பெற விரும்புகிறார்களே, அது கணக்கில் தெரியுமா?
வாசகி, பாரிட் புந்தார்

நன்றாகத் தெரியும், அம்மா. 1976, 1988, 2000, 2012 ஆகிய ஆண்டுகளில் இங்கேயும் சிங்கப்பூரிலும் சீனக் குழந்தைகளின் பிறப்பு மேலே எழும்பியது. 2024-இல் சிங்கப்பூரில் அந்த ஏற்றம் விகிதத்தை அசைக்கவில்லை, 0.97-இலேயே நின்றது.

என் பாட்டியின் அம்மா 90 வயதுக்கு மேல் இருந்தார். அவர் பிறந்த காலத்தில் இந்தியாவில் சராசரி ஆயுள் 25 வயதுகூட இல்லை என்று படித்தேன். எதை நம்புவது?
வாசகி, பாகான் செராய்

இரண்டையும் நம்பலாம். பத்துக் குழந்தைகள் பிறந்து, நான்கு பேர் ஒரு வயதில் இறந்து, மற்ற ஆறு பேரும் 60 வயதுவரை இருந்தார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். கூட்டி வகுத்தால் 36 சொச்சம் வரும். அந்த ஊரில் 36 வயதில் செத்தவர் ஒருவர்கூட இல்லை. சராசரியைக் கீழே இழுத்தது தொட்டில் வயதுச் சாவு. உங்கள் கொள்ளுப்பாட்டி அந்த முதல் சில ஆண்டுகளைத் தாண்டிய பாக்கியசாலி. 1918 விஷக்காய்ச்சலையும் தாண்டியிருக்கிறார் என்றால் இன்னும் பெரிய விஷயம். 1911-க்கும் 1921-க்கும் இடையே இந்தியாவின் மொத்த மக்கள்தொகையே குறைந்துபோனது. அதற்குப் பிறகு எடுத்த எந்தக் கணக்கெடுப்பிலும் அப்படி ஆனதில்லை.

என் தாத்தாவை 1943-இல் சயாம் ரயில் பாதை போட ஜப்பான்காரன் கொண்டுபோனான். திரும்பி வரவில்லை. சாவுப் பத்திரமும் கிடையாது. ஏதாவது ஒரு கணக்கிலாவது அவர் இருப்பாரா?
வாசகர், தெலுக் இந்தான்

இந்தக் கடிதத்தை நான் பல முறை படித்தேன், ஐயா.

அவர் பெயரோடு ஒரு பதிவு கிடைப்பது மிகவும் கடினம். அந்தப் பாதையில் 12,000-க்கு மேற்பட்ட நேச நாட்டுப் போர்க் கைதிகள் இறந்தார்கள். அவர்களின் பெயரையும் நாளையும் கூட இருந்த கைதிகள் ஒளித்துவைத்தாவது எழுதினார்கள். தாய்லாந்தின் காஞ்சனபுரிக் கல்லறையில் போய்ப் பார்த்தால் வரிசை வரிசையாகப் பெயர்ப் பலகைகள். தோட்டத்திலிருந்து போன நம்மவர்கள் காலராவிலும் பட்டினியிலும் விழுந்தது பல்லாயிரம். அவர்களுக்கு எழுதிவைக்க ஆளில்லை.

ஆனாலும் எண்ணிக்கையில் அவர்கள் விட்டுப்போன இடம் தெரிகிறது. 1931 கணக்கெடுப்பில் மலாயாவிலும் சிங்கப்பூரிலும் சேர்த்து இந்தியர்கள் சுமார் 6,20,000 பேர். 1941-இல் எடுத்திருக்க வேண்டிய கணக்கெடுப்பு போரால் நடக்கவில்லை. அடுத்து எண்ணியது 1947-இல். அப்போது 6,00,000-ஐ ஒட்டித்தான் இருந்தார்கள். பதினாறு ஆண்டுகள்! அந்த இடைவெளியில் லயங்களில் எத்தனை பிள்ளைகள் பிறந்திருப்பார்கள்! 1931-இல் இந்தியர்களில் மலாயாவிலேயே பிறந்தவர்கள் சிறுபான்மை. 1947-இல் ஏறக்குறைய பாதி. அவ்வளவு பிறந்தும் மொத்தம் குறைந்திருக்கிறது.

மக்கள்தொகைக் கணக்கில் ஓர் அடிப்படைச் சமன்பாடு உண்டு. முன்பு இருந்தவர்களோடு பிறந்தவர்களையும் வந்தவர்களையும் கூட்டி, இறந்தவர்களையும் போனவர்களையும் கழித்தால் இன்று இருப்பவர்கள் வர வேண்டும். வந்தவர்களும் போனவர்களும் கப்பல் கணக்கில் இருக்கிறார்கள். 1930-களின் தொடக்கத்தில் ரப்பர் விலை விழுந்தபோது கூட்டம் கூட்டமாகத் திருப்பி அனுப்பினார்கள். விலை ஏறியதும் மறுபடி அழைத்தார்கள். 1938-இல் தொழிலாளர்களை அனுப்புவதை இந்தியா நிறுத்தியது. இவற்றையெல்லாம் எடுத்துவைத்த பிறகும் கணக்கில் விழும் பள்ளத்தில்தான் ஜப்பான்காரன் காலத்துச் சாவுகள் இருக்கின்றன. உங்கள் தாத்தாவும் அதில்தான் இருக்கிறார்.

ஒன்று செய்யலாம். அவர் பெயர், அப்பா பெயர், வேலை செய்த தோட்டம், இந்தியாவில் எந்த ஊர், கூடப் போனவர்கள் யார் யார் என்று வீட்டில் மூத்தவர்களுக்குத் தெரிந்த அளவு எழுதி வாங்குங்கள். கோலாலம்பூர் தேசிய ஆவணக் காப்பகத்தில் தொழிலாளர் இலாகாவின் பழைய கோப்புகள் இருக்கின்றன. தோட்டத்தின் பெயர் தெரிந்தால் தேடத் தொடங்க ஒரு பிடி கிடைக்கும். உங்கள் பகுதியில் இதே போல் ஆள் இழந்த மற்றக் குடும்பங்களின் விவரத்தையும் சேர்த்தே எழுதுங்கள்.

மலேசிய, இலங்கைத் தோட்டத் தமிழர்களின் குழந்தை இறப்பை ஒப்பிட்டு ஆய்வுத்தாள் எழுத ஆசை. எங்கே தொடங்குவது? கையில் காசு இல்லை.
பல்கலைக்கழக மாணவர், பினாங்கு

தம்பி, காசு வேண்டாம். மலேசியப் புள்ளிவிவரத் துறையின் ஓப்பன் டோசம் தளத்தில் பிறப்பும் இறப்பும் மாநில வாரியாக, இன வாரியாகக் கிடைக்கும். உலக நாடுகளுக்கு ஐ.நா.வின் உலக மக்கள்தொகை மதிப்பீடு இருக்கிறது, எல்லாம் இலவசம். வயதுவாரி இறப்புக்கு மனித இறப்புத் தரவுத்தளம் மிக நேர்த்தியானது. ஆனால் பதிவு ஒழுங்காக உள்ள நாடுகளை மட்டுமே அதில் சேர்ப்பார்கள்.

ஐ.நா. அட்டவணையில் எல்லா நாட்டுக்கும் எண் இருக்கிறது என்பதால் எல்லாம் எண்ணி எடுத்தது என்று நினைத்துவிடாதே. லெபனான் கடைசியாக அதிகாரபூர்வமாக மக்களை எண்ணியது 1932-இல். நைஜீரியா 2006-இல். இந்தியாவிலேயே 2011-க்குப் பிறகு 2021-இல் நடக்க வேண்டியது தள்ளிப்போனது. பதிவே இல்லாத நாடுகளில் தாய்மாரிடம் போய், எத்தனை பெற்றீர்கள், எத்தனை பேர் உயிரோடு இருக்கிறார்கள் என்று கேட்டு, அதிலிருந்து குழந்தை இறப்பைக் கணிக்கிறார்கள். வில்லியம் பிராஸ் என்ற அறிஞர் வகுத்த வழி அது. அருமையான வழி, ஆனாலும் மதிப்பீடுதான்.

இனி உன் தலைப்பு. 'இந்தியர்' என்ற நம் பிரிவில் தெலுங்கர், மலையாளி, பஞ்சாபி எல்லாரும் அடக்கம். இலங்கையில் இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர் என்று இரண்டு பிரிவு. மலையகத்தில் பிறந்த பலர் தங்களை முதல் பிரிவில் பதிந்துகொண்டிருக்கிறார்கள். இனப்பெயரை வைத்து ஒப்பிட்டால் தாள் தொடக்கத்திலேயே ஆட்டம் கண்டுவிடும். இலங்கையில் நகரம், கிராமம், தோட்டம் என்று மூன்றாகப் பிரித்துத் தரும் கணக்கு உண்டு, அதைப் பிடி. 1974-இல், உணவுத் தட்டுப்பாடு உச்சத்தில் இருந்தபோது, தோட்டத்துறையில் ஆயிரம் குழந்தைக்கு நூற்றுக்கு மேல் முதல் பிறந்தநாளைக் காணாமல் போயின. நாட்டின் சராசரி அதில் பாதிதான். தோட்டத்தைத் தனியே பிரித்து எழுதியதால்தான் அது வெளியே தெரிந்தது. இங்கே நம் ஆட்கள் லயத்தை விட்டு மலிவு விலை அடுக்குமாடிகளுக்குப் போன பிறகு, அவர்களைத் தனியே காட்டும் பத்தி எதுவும் இல்லை. உன் ஆய்வில் இந்த ஒன்றையாவது அழுத்திச் சொல்.

பேரனுக்கு 6 வயது. சூராட் பிறப்பு (பிறப்புப் பத்திரம்) எடுக்கவில்லை. மகன் கோவிலில் தாலி கட்டியதோடு சரி, பதியவில்லை. மருமகள் இந்தோனேசியாக்காரி. அடுத்த ஆண்டு பள்ளிக்கூடம். என்ன செய்ய?
ஒரு பாட்டி, சுங்கை சிப்புட்

அம்மா, மற்றக் கேள்விகளைவிட உங்களுடையதுதான் அவசரம். பிறப்பு பதியாத குழந்தை நாட்டின் கணக்கில் பிறக்கவே இல்லை. தடுப்பூசிக்கும் பள்ளி இடத்துக்கும் ஆள் எண்ணும்போது அவன் அதில் வரமாட்டான். 2030-க்குள் எல்லாருக்கும் பிறப்புப் பதிவும் சட்டபூர்வ அடையாளமும் என்று உலக நாடுகள் ஒப்புக்கொண்டிருக்கின்றன. நம் பிள்ளைகள் விடுபட்டுப்போக நாம் விடக்கூடாது.

ஒளிக்காமல் சொல்கிறேன். 1982 மார்ச் 1 முதல் முஸ்லிம் அல்லாதவர்களின் திருமணம் சட்டப்படி பதிந்தாக வேண்டும். கோவில் சடங்கு மட்டும் போதாது. பதியாத திருமணத்தில் பிறந்த பிள்ளைக்குத் தாயின் குடியுரிமைதான் பார்ப்பார்கள். ஆகவே சூராட் பிறப்பு கிடைத்தாலும் அதில் குடிமகன் என்று வராமல் போகலாம். அதற்குத் தனியே மனுப் போட வேண்டியிருக்கும்; ஆண்டுக்கணக்கில் இழுக்கும். அதற்காகப் பதிவைத் தள்ளிப்போடாதீர்கள். இப்போது பதிந்தால்தான் பிறகு மனுவே போட முடியும். திருமணத்தையும் தாமதமாகவாவது பதியச் சொல்லுங்கள்.

தேசியப் பதிவிலாகாவுக்கு மகனும் மருமகளும் நேரில் போக வேண்டும். பிறந்த மருத்துவமனை கொடுத்த தாள், கர்ப்பகாலக் கிளினிக் புத்தகம், தடுப்பூசி அட்டை, மகனின் அடையாள அட்டை, மருமகளின் கடப்பிதழ், பையனின் குழந்தைக்காலப் படங்கள் எல்லாவற்றையும் ஒரே உறையில் வையுங்கள். அசலோடு நகலும் வேண்டும். முகப்பில் வாய்ச்சொல்லாகத் திருப்பி அனுப்பினால், காரணத்தை எழுத்தில் கேளுங்கள். வீட்டில் பிரசவம் என்றால் பார்த்த மருத்துவச்சியையும் அழைத்துப் போங்கள். பாரம் நிரப்பத் தெரியவில்லை என்றால் பத்திரிகை அலுவலகத்துக்கு ஒரு வரி எழுதுங்கள், நானே வருகிறேன்.